வழிகாட்டி சொல்லாத திருவான்மியூர்

நான் திருவான்மியூரில் குடியேறிப் பதினெட்டு ஆண்டுகள் ஆகின்றன. மருந்தீசுவரர் கோயிலுக்கு என் வீட்டிலிருந்து நடந்துபோக எட்டு நிமிடம். இருந்தும் சில மாதங்களுக்கு முன் ஒரு ஞாயிற்றுக்கிழமைக் காலை ஆறரை மணிக்கு, அதே கோயிலையும் அதைச் சுற்றியுள்ள தெருக்களையும் பார்ப்பதற்காக அறுநூறு ரூபாய் செலுத்தி, இருபது பேரோடு கூட்டமாக நின்றேன். ‘மரபு நடை’ என்று இப்போது பரவலாக வழங்கும் நிகழ்ச்சி அது. “நம்ம தெருவைப் பாக்கறதுக்கு நாமே காசு குடுக்கணுமா?” என்று கேட்டுவிட்டு என் மனைவி சிரித்தாள். அப்போது என்னிடம் பதில் இல்லை. திரும்பி வரும்போது இருந்தது. அந்தப் பதிலைத்தான் இங்கே எழுதுகிறேன்.

வழிகாட்டியாக வந்தவர் இனிய இளைஞர். குரல் கணீரென்று இருந்தது, யாருக்கும் கால் வலிக்காதபடி நிழல் பார்த்து நிறுத்தினார், தண்ணீர் கொடுத்தார். அவர் மீது எனக்கு யாதொரு குறையும் இல்லை. அவர் சொன்னவை மீதும், சொல்லாமல் விட்டவை மீதும், அவருக்கு அவற்றைச் சொல்லிக் கொடுத்திருக்க வேண்டியவர்கள் மீதும்தான் எனக்கு வழக்கு இருக்கிறது. அந்தக் கடைசி வகையினரில் நானும் அடக்கம் என்பதை முதலிலேயே ஒப்புக்கொண்டு விடுகிறேன்.

இரண்டு மணி நேரமும் அவர் ஆங்கிலத்தில் பேசினார். வால்மீகி இங்கே வழிபட்டார், அதனால்தான் வான்மியூர் என்றார். சாலை நடுவே இருக்கும் வால்மீகி சந்நிதியைக் காட்டினார். அகத்தியருக்கு இறைவன் மருந்துகளின் இயல்பை உபதேசித்ததைச் சொன்னார். காமதேனு பால் சொரிந்ததைச் சொன்னார். அப்பய்ய தீட்சிதர் வழிபட வந்தபோது வெள்ளம் சூழ்ந்து நின்றதால் இறைவன் அவருக்காக மேற்கு நோக்கித் திரும்பினான் என்ற கதையைச் சுவையாகவே சொன்னார். கோயிற் சுவரில் ஓரிடத்தில் எழுத்துகள் தெரிந்தன. ஓர் அம்மையார் அது என்ன என்று தமிழில் கேட்டார். “பழைய எழுத்து” என்று ஆங்கிலத்தில் பதில் வந்தது. நடை நகர்ந்துவிட்டது.

அந்த இருபது பேரில் குறைந்தது பதினான்கு பேராவது தமக்குள் தமிழில் பேசிக்கொண்டு வந்ததை நான் காதால் கேட்டேன். தமிழர்கள் கூடி, தமிழில் உரையாடியபடி, தமிழ் எழுத்து பொறித்த சுவரைக் கடந்து சென்று, தம் ஊரின் கதையை ஆங்கிலத்தில் கேட்டுத் திரும்பினோம்.

திருஞானசம்பந்தரின் பெயர் ஒருமுறைகூட உச்சரிக்கப்படவில்லை. அப்பரின் பெயரும் இல்லை. இந்த ஊர் ஏன் தமிழ் வாசகனுக்கு முக்கியம் என்பதற்கான முதற்காரணத்தைச் சொல்லாமலேயே அந்த நடை நிறைவு பெற்றது.

*

சொல்லாமல் விட்டது எது என்று பார்ப்போம். திருவான்மியூருக்குத் தேவாரத்தில் மூன்று பதிகங்கள் உண்டு. சம்பந்தர் பாடியவை இரண்டு, அப்பர் பாடியது ஒன்று. அதாவது ஏழாம் நூற்றாண்டில் இந்த ஊரைக் கண்ட இருவரின் சொற்கள் நம் கையில் இருக்கின்றன. உலகில் எத்தனை ஊர்களுக்கு இந்தப் பேறு வாய்த்திருக்கிறது?

சம்பந்தரின் இரண்டாம் திருமுறைப் பதிகத்தின் முதற்பாட்டைத் திறந்தால் கோபுரமோ மதிலோ முதலில் வரவில்லை. கரையில் புரளும் கடல் வருகிறது. சங்கு வருகிறது, வெள்ளை இப்பி வருகிறது, கழியில் துள்ளும் மீன் வருகிறது. ஊரை அடைந்த ஒருவன் கண்ணில் முதலில் பட்டது எதுவோ அது அந்த வரிசையிலேயே பதிவாகியிருக்கிறது. கழி என்பது கடலும் ஆற்றுநீரும் கலந்து தேங்கும் உப்பங்கழி. பக்கிங்காம் கால்வாயாகவும் பள்ளிக்கரணைச் சதுப்பாகவும் சென்னையின் தெற்கே எஞ்சி நிற்கும் நீர்நிலத்தைப் பார்த்தவர்களுக்கு அந்தச் சொல்லின் பொருளை அகராதி பார்த்து அறியவேண்டிய தேவை இல்லை. பறக்கும் ரயிலின் தூண்கள் இறங்கி நிற்பது அந்தக் கால்வாயின் ஓரத்தில்தான்.

இன்னொன்றும் சொல்லவேண்டும். அந்தப் பதிகம் வினாவுரையாக அமைந்தது. உமையோடு உடனாகி நிற்கும் அந்த மாண்பு எத்தகையது என்று தொடங்கி, இறைவனை முன்னிறுத்திச் சொல்லும்படி கேட்கிறார் சம்பந்தர். ஊருக்கு வந்த பயணி, அவ்வூரின் தலைவனையே நிறுத்தி வைத்துக் கேள்வி கேட்கிறான். நாங்கள் இருபது பேரும் அன்று கேட்ட ஒரே உருப்படியான கேள்வி அந்த அம்மையார் கேட்டது. அதற்கு விடை கிடைக்கவில்லை.

சேக்கிழார் தரும் வழியையும் நினைவுகூர்வோம். மயிலாப்பூரில் பூம்பாவைப் பதிகம் பாடிய பிறகு சம்பந்தர் திருவான்மியூருக்கு வருகிறார். இங்கிருந்து திருவிடைச்சுரம் செல்கிறார். மயிலைக்கும் வான்மியூருக்கும் இடையே ஆறேழு கிலோமீட்டர். பன்னிரண்டாம் நூற்றாண்டுக் காப்பியம் ஒன்று, ஏழாம் நூற்றாண்டுப் பயணம் ஒன்றை, இன்றைய சென்னை மாநகரின் எல்லைக்குள் ஊர் ஊராகச் சொல்கிறது. நம் நகரத்துக்கு ஆயத்தமாக ஒரு மரபு நடை எண்ணூறு ஆண்டுகளாக எழுத்தில் இருக்கிறது. நாமோ அறுநூறு ரூபாய் கொடுத்துப் புதிதாக ஒன்றைத் தேடுகிறோம்.

*

நடையின் முடிவில், குளக்கரையில் தேநீர் அருந்திக்கொண்டிருந்தபோது, வழிகாட்டி தாம் ஜப்பானுக்குப் போயிருந்ததையும் கியோட்டோ நகரில் இப்படியொரு நடையில் கலந்துகொண்டதையும் சொன்னார். “அவர்கள் எப்படிப் பாதுகாக்கிறார்கள்! நாமும் அவர்களைப் போல் ஆகவேண்டும்” என்றார். இருபது பேரும் தலையசைத்தோம்.

நான் ஜப்பான் போனதில்லை. ஆயினும் அந்நாட்டு இலக்கியத்தை மொழிபெயர்ப்பில் வாசித்திருக்கிறேன். ‘அவர்களைப் போல்’ என்றால் எதைப் போல் என்று கேட்கும் உரிமை வாசகனுக்கு உண்டு.

கியோட்டோ 794 முதல் ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல் தலைநகராக இருந்த ஊர். அங்கும் அதன் அண்டையிலும் உள்ள பழங்கோயில்களும் ஒரு கோட்டையுமாகப் பதினேழு இடங்கள் 1994இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தன. இது எல்லாப் பயண நூலிலும் இருக்கும் செய்தி. பயண நூல்களில் அவ்வளவாக வராத செய்தி ஒன்று உண்டு. அந்நகரிலும் அதன் சுற்றுப்புறத்திலும் தெருமுனைகளிலும் வயலோரங்களிலும் ‘இன்னார் வாழ்ந்த இடம் இது’, ‘இன்ன கோயில் இங்கிருந்தது’ என்று ஜப்பானிய எழுத்தில் பொறித்த சிறு கற்கள் நிற்கின்றன. அவற்றில் ஏறத்தாழ நானூறு கற்கள் ஒரே குடும்பத்தின் கொடை. மியாகே என்ற வணிகர் தம் இறுதி விருப்பமாக விட்டுச்சென்ற பணத்தைக் கொண்டு அவருடைய மகன் 1920களில் அவற்றை நாட்டினார். அரசு செய்யவில்லை, சுற்றுலா நிறுவனம் செய்யவில்லை. தன் ஊரை வாசிக்கத் தெரிந்த ஒருவர், தன் ஊரார் வாசிப்பதற்காக, தன் மொழியில் செய்தார்.

அதற்கும் முன்னால் போவோம். 1689இல் பாஷோ தம் மாணவர் சோராவுடன் வடநாடு நோக்கி நடக்கத் தொடங்கினார். அவர் விரும்பிப் போற்றிய கவிஞர் சாய்கியோ மறைந்து ஐந்நூறாவது ஆண்டு அது. ஜப்பானியக் கவிதை மரபில் ‘உதமகுரா’ என்றொரு கருத்து உண்டு. சொல்லுக்குச் சொல் பெயர்த்தால் பாட்டுத் தலையணை என்று வரும். பழங்கவிஞர்கள் பாடியதால் பெயர் பெற்ற இடங்களை அது குறிக்கும். பாஷோ கண்ணுக்கு அழகான இடங்களை மட்டும் தேடிப் போகவில்லை. பாடப்பட்ட இடங்களைத் தேடிப் போனார். தாகா என்ற ஊரில் 762ஆம் ஆண்டு பொறிக்கப்பட்ட கல்வெட்டொன்றின் முன் நின்றபோது கண்ணீர் வந்ததாக எழுதினார். அவர் நினைத்ததுபோல் அது பழம்பாடல்களில் வரும் கல்தானா என்பதில் அறிஞர்களிடையே ஐயம் உண்டு. அதனால் என்ன? அந்தக் கல்லின் எழுத்தை அவர் ‘பழைய எழுத்து’ என்று சொல்லிக் கடந்துவிடவில்லை, நின்று படித்தார்.

தமிழ் படித்தவருக்கு இதை விளக்கவேண்டுமா? உதமகுராவுக்கு நம்மிடம் ஒரு சொல் இருக்கிறது. பாடல் பெற்ற தலம். ஊரின் பெருமை அதன் கட்டடத்தால் வந்ததாக நம் முன்னோர் கருதவில்லை. பாட்டால் வந்தது என்று கருதினார்கள். சென்னைப் பகுதியில் மட்டும் மயிலாப்பூர், திருவான்மியூர், திருவொற்றியூர், திருவலிதாயம் என்று பாடப்பட்ட ஊர்கள் கிடக்கின்றன. திருவல்லிக்கேணிக்கு ஆழ்வார் பாடல் உண்டு. பாஷோ இங்கே பிறந்திருந்தால் எங்கெங்கே நடந்திருப்பார் என்று ஊகிப்பது கடினமன்று.

கியோட்டோவைப் புகழ்பவர்கள் மறந்துவிடும் இன்னொரு செய்தியும் உண்டு. 2024இல் அந்நகரின் கியோன் பகுதி மக்கள், தங்கள் தனியார் சந்துகள் சிலவற்றில் சுற்றுலாப் பயணிகள் நுழையக்கூடாது, மீறினால் பத்தாயிரம் யென் தண்டம் என்று பலகை வைத்தார்கள். வந்தவர்கள் கெய்ஷாக்களைத் துரத்தித் துரத்திப் படம் எடுத்ததே காரணம். வேடிக்கை பார்க்க மட்டும் வந்த கூட்டத்தை எவ்வளவு நாகரிகமான ஊரும் ஒருநாள் வெளியே தள்ளும். ‘அவர்களைப் போல்’ ஆவது என்றால் இதுவும் சேர்ந்துதான்.

*

இனிச் சிக்கலின் வேருக்கு வருகிறேன். நம் மரபு நடைகள் ஏன் இப்படி இருக்கின்றன? சென்னையின் வரலாறு 1639 ஆகஸ்ட் 22 அன்று தொடங்குவதாக ஒரு பழக்கம் ஏற்பட்டுவிட்டது. கிழக்கிந்தியக் கம்பெனியின் பிரான்சிஸ் டேவுக்கு நிலம் கிடைத்த நாள் அது. 2004 முதல் அந்த நாள் ‘மெட்ராஸ் தினம்’ என்று கொண்டாடப்படுகிறது. இன்றைய மரபு நடைகளில் பெரும்பாலானவை அந்தக் கொண்டாட்டத்தின் குழந்தைகள்.

இதைத் தொடங்கி வைத்தவர்களில் ஒருவரான எஸ். முத்தையா மீது எனக்கு மதிப்பு உண்டு. 1981இல் அவர் எழுதிய ‘மெட்ராஸ் டிஸ்கவர்ட்’ இல்லாவிட்டால் இந்த நகரத்தை நின்று பார்க்கவேண்டும் என்ற எண்ணமே பலருக்கு வந்திராது. மயிலையையும் அல்லிக்கேணியையும் மறைத்தவரும் அல்லர் அவர். ஆனால் அவருக்குப் பின்னால் வந்தவர்கள் கையிலெடுத்த சான்றுகள் எவை? 1913இல் வெளிவந்த எச்.டி. லவ்வின் பெருநூல், அதற்கு அடிப்படையான கம்பெனி ஆவணங்கள், ஆங்கிலேய அதிகாரிகளின் கடிதங்கள். சான்று ஆங்கிலத்தில் இருப்பதால் நகரமும் ஆங்கிலத்தில் தொடங்குகிறது. அதற்கு முன்னால் உள்ள ஆயிரம் ஆண்டுகளைப் பற்றிப் பேச நேர்கையில், சான்று தேடும் பழக்கத்தைக் கைவிட்டுப் புராணத்துக்குத் தாவிவிடுகிறார்கள். ஆகவே கோட்டைக்குப் போனால் தேதி சொல்கிறார்கள், கோயிலுக்குப் போனால் கதை சொல்கிறார்கள். வெள்ளைக்காரனுக்கு வரலாறு, நமக்குக் கட்டுக்கதை. இந்தப் பாகுபாட்டைக் காலனியம் நம்மீது திணித்தது என்று சொல்லிப் பழகிவிட்டோம். இன்று அதை ஞாயிறுதோறும் நாமே விருப்பத்தோடு நடத்துகிறோம்.

திருவல்லிக்கேணிப் பார்த்தசாரதி கோயிலில் பல்லவன் தந்திவர்மன் காலக் கல்வெட்டு இருக்கிறது. கம்பெனி வருவதற்கு எண்ணூறு ஆண்டுகளுக்கு முற்பட்டது அது. அதுவும் தேதிதான், அதுவும் ஆவணம்தான். திருவான்மியூரின் சோழர் காலக் கல்வெட்டுகளும் அப்படியே. விளக்கெரிக்க யார் என்ன கொடுத்தார்கள், நிலத்தின் எல்லை எது, எந்தச் சபை பொறுப்பேற்றது என்ற செய்திகளைத்தான் இத்தகைய கல்வெட்டுகள் பொதுவாகச் சொல்கின்றன. பத்திரப்பதிவு அலுவலகத்தில் கிடைக்கும் செய்தி போன்ற செய்தி அது. அதைப் ‘பழைய எழுத்து’ என்று கடந்துவிட்டுக் காமதேனுவுக்குப் போவது, வீட்டுப் பத்திரத்தைப் பரணில் போட்டுவிட்டுப் பாட்டி சொன்ன கதையை வைத்து நீதிமன்றம் போவதற்கு ஒப்பாகும்.

இதில் வெறும் தகவற்பிழை என்பதைவிடப் பெரிய ஆபத்து இருக்கிறது. எது கதையில் இடம்பெறுகிறதோ அதைக் காப்பாற்ற ஆள் வருவார்கள். கதையில் இல்லாதது இடியும். உ.வே. சாமிநாதையர் 1903இல் கும்பகோணத்திலிருந்து மாநிலக் கல்லூரிக்கு மாற்றலாகிச் சென்னை வந்தார். திருவல்லிக்கேணி பிள்ளையார் கோயில் தெருவில் அவர் வாழ்ந்த வீட்டுக்கு, தமக்கு வேலை கிடைக்கக் காரணமான தியாகராச செட்டியாரின் நினைவாகத் ‘தியாகராச விலாசம்’ என்று பெயரிட்டார். அந்த வீடு 2012இல் இடிக்கப்பட்டது. எதிர்ப்புக் குரல்கள் எழுந்தன, பயனில்லை. அதே 2012இல்தான் தமிழ்நாடு மரபுரிமை ஆணையச் சட்டம் நிறைவேறியது என்பதையும் சேர்த்து நினைத்துக்கொள்ளுங்கள். மரபு நடைகள்தாம் அந்த வீட்டை இடித்தன என்று நான் சொல்லவில்லை. ஒரு கம்பெனி ஆளுநர் வாழ்ந்த வீடாக அது இருந்திருந்தால் எத்தனை கட்டுரைகள் வந்திருக்கும், எத்தனை பேர் அதைப் பார்க்க நடந்திருப்பார்கள் என்றுதான் கேட்கிறேன்.

*

இதற்குச் சொல்லப்படும் மறுப்புகளை நான் அறிவேன். நண்பர்களிடம் பேசிப் பார்த்துவிட்டேன்.

முதல் மறுப்பு: அவர்களாவது செய்கிறார்கள், நீங்கள் என்ன செய்தீர்கள்? நியாயமான கேள்வி, கடைசியில் வருகிறேன்.

இரண்டாவது: வெளிநாட்டாரும் வெளிமாநிலத்தாரும் வருகிறார்கள், ஆங்கிலம்தானே பொது? வரட்டும். அவர்களுக்கு ஆங்கிலத்திலேயே சொல்லுங்கள். சம்பந்தர் பதிகத்தின் பொருளை ஆங்கிலத்தில் சொல்லத் தடையொன்றும் இல்லையே! நான் மொழியைப் பற்றி மட்டும் பேசவில்லை; எந்த நூலை வாசித்துவிட்டு வருகிறீர்கள் என்பதைப் பற்றிப் பேசுகிறேன். தமிழில் நடைபெறும் மரபு நடைகள் இல்லாமலில்லை. ஆனால் அவை விதிவிலக்குகள். அவற்றிலும் பாதி, ஆங்கிலக் கதையின் தமிழாக்கம்.

மூன்றாவது: தேவாரம் பக்தி நூல், அதை வரலாற்றுக்குள் கொண்டுவரலாமா? இதைச் சொல்பவர்கள் காமதேனுவுக்குத் தலையாட்டியவர்கள் என்பது ஒருபுறமிருக்க, பதில் எளிது. பூம்பாவைப் பதிகத்தை எடுத்துக்கொள்ளுங்கள். இறந்த பெண்ணைப் பெயர் சொல்லி விளித்து, இந்த விழாவைக் காணாமல் போவாயோ என்று ஒவ்வொரு பாட்டிலும் ஒரு விழாவைச் சொல்கிறார் சம்பந்தர். ஓணம், கார்த்திகை விளக்கீடு, மார்கழி ஆதிரை, தைப்பூசம், மாசிக் கடலாட்டு, பங்குனி உத்திரம் என்று வரிசையாக வரும். எலும்பு பெண்ணானதை நம்புவதும் நம்பாததும் அவரவர் விருப்பம். ஏழாம் நூற்றாண்டு மயிலையின் விழா நாட்காட்டி அது என்பதில் நம்பிக்கைக்கு என்ன வேலை? இன்று கேரளத்துக்கே உரியதாக நாம் எண்ணும் ஓணம் மயிலாப்பூரில் கொண்டாடப்பட்ட விழா என்பது எத்தகைய செய்தி! மாசிக் கடலாட்டு இருந்தது என்றால் கோயிலுக்கும் கடலுக்கும் இருந்த உறவு என்ன? பழைய கபாலீசுவரர் கோயில் கடற்கரையில் இருந்ததென்பதும், பதினாறாம் நூற்றாண்டில் போர்ச்சுகீசியர் காலத்தில் அழிந்ததென்பதும், இன்றுள்ள கோயில் பின்னர் உள்ளே தள்ளி எழுந்ததென்பதும் வரலாற்றாசிரியர்கள் சொல்வது. பாட்டையும் வரலாற்றையும் ஒருங்கே வைத்தால்தான் மாடவீதியில் நிற்பவனுக்கு இந்த ஊர் விளங்கும்.

நான்காவது: தமிழ் பேசுகிறவர்களுக்கு இதெல்லாம் தெரிந்ததுதானே? தெரியாது. எனக்கே தெரியாமல் இருந்தது. அதைத்தான் இப்போது சொல்லப்போகிறேன்.

*

இருபது ஆண்டுகளுக்கும் மேலாகத் தேவாரம் நடத்துகிறேன். பாடத்திட்டத்தில் பக்தி இலக்கியம் ஓர் அலகு. ஐந்து மதிப்பெண் வினா ஒன்று, பத்து மதிப்பெண் வினா ஒன்று. சென்ற ஆண்டு பாடத்திட்டத்துக்கு வெளியே இந்த ஊர்ப் பதிகத்தை வகுப்பில் வாசித்தேன். ‘இப்பி என்றால் சிப்பி, கழி என்றால் உப்பங்கழி’ என்று உரையாசிரியர் தொனியில் சொல்லிக்கொண்டு போனேன். பின்வரிசையிலிருந்து ஒரு மாணவி எழுந்தாள். பக்கத்துக் குப்பமொன்றைச் சேர்ந்தவள். வகுப்பில் அதுவரை வாய் திறந்து நான் கேட்டதில்லை. “ஐயா, வெள்ளச் சிப்பி எப்ப கரையில வந்து ஒதுங்கும்னு எங்க தாத்தாவுக்குத் தெரியும். கேட்டுட்டு வரட்டுமா?” என்றாள்.

நானே போய்க் கேட்டேன். எண்பதை நெருங்கிய அந்தப் பெரியவர் நீரோட்டத்துக்கு வன்னி என்றும் தெண்டி என்றும் பெயர் சொன்னார். எது ஓடும்போது எந்த மீன் படும், கரையில் எது ஒதுங்கும் என்று விளக்கினார். முப்பது பக்கம் குறிப்பெடுத்தேன். முதுகலைத் தமிழில் ஐந்திணை படித்துத் தேறியவன் நான். நெய்தல் பற்றித் தேர்வில் எழுதி மதிப்பெண் வாங்கியிருக்கிறேன். நெய்தல் நிலத்து மனிதரோடு உட்கார்ந்து நான் பேசியது அன்றுதான் முதல்முறை.

பேச்சு அடையாற்று முகத்துவாரத்துக்கு வந்தது. மீனவர்கள் பட்டினப்பாக்கத்துக்கும் பெசன்ட் நகர்க் கரைக்கும் நடந்துபோவதற்காக 1967இல் அங்கே ஒரு பாலம் கட்டினார்கள். 1977இல் அது உடைந்தது. அதன்பின் அதை யாரும் சரிசெய்யவில்லை. இன்று அது ‘உடைந்த பாலம்’ என்ற பெயரில் திரைப்படப் பாடல்களுக்கும் புகைப்படங்களுக்கும் களமாக இருக்கிறது. நமக்கு அது அழகிய சிதைவு. அவருக்கு அது போய்விட்ட வழி. கரையோரமாகவே மயிலைக்குப் போகும் நடை அங்கே அறுந்துவிட்டது. இப்போது உள்ளே சுற்றிக்கொண்டு திரு.வி.க. பாலம் வழியாகத்தான் போகவேண்டும்.

நான் அவரிடம் சம்பந்தர் மயிலையிலிருந்து இங்கே வந்ததைச் சொன்னேன். ஆறு குறுக்கே கிடந்ததே, எப்படிக் கடந்திருப்பார் என்று கேட்டேன். அவர் யோசிக்கவே இல்லை. “மொகத்துவாரத்துல மணல் அடச்சிருந்தா நடந்தே வந்திருப்பாரு. தொறந்திருந்தா எங்க ஆளுதான் கட்டுமரத்துல கொண்டாந்து விட்டிருப்பான்” என்றார்.

பெரியபுராணத்துக்கு எழுந்த உரைகளில் நான் பார்த்த எதிலும் இந்தக் குறிப்பு இல்லை.

*

ஆகவே குற்றப்பத்திரிகையில் முதற்பெயர் என்னுடையது. அடுத்த பெயர் தமிழ்த்துறைகள். பதிகங்களை ஊரிலிருந்து பிரித்தெடுத்துத் தேர்வுத்தாளுக்குள் அடைத்தவர்கள் நாம். கல்வெட்டைத் தொல்லியல் துறைக்கும், கோயிலை அறநிலையத் துறைக்கும், கடலை மீன்வளத் துறைக்கும், ஊரைச் சுற்றுலாத் துறைக்கும் கொடுத்துவிட்டு, நமக்கு வினாவிடை போதும் என்று உட்கார்ந்துவிட்டோம். காலியாகக் கிடந்த இடத்தில் ஒலிபெருக்கியோடு ஓர் இளைஞர் வந்து நின்றார். அவரை மட்டும் குறைசொல்வது நேர்மையன்று. அவருக்குக் கிடைத்த நூல்களை அவர் படித்தார். நாம் எழுதியிருக்க வேண்டிய நூலை நாம் எழுதவில்லை.

என்ன செய்யலாம் என்பதையும் சொல்லிவிடுகிறேன். நகரிலுள்ள தமிழ்த்துறைகள் கூடி, ஆண்டுக்கு ஒருமுறையேனும் மயிலையிலிருந்து வான்மியூருக்கு நடக்கட்டும். கபாலீசுவரர் குளக்கரையில் விழாப் பதிகம். சாந்தோமில், கடலோரம் இருந்து மறைந்த கோயில். பட்டினப்பாக்கத்தில், உடைந்த பாலத்தின் இந்தப் பக்கம் நின்று ஆற்றைப் பார்ப்பது. திரு.வி.க. பாலத்தைக் கடந்து, 1876-78 பஞ்சத்தில் உயிர் பிழைக்க மண் சுமந்தவர்கள் வெட்டிய பக்கிங்காம் கால்வாய்ப் பகுதி ஆற்றோடு சேரும் கதையைச் சொல்வது. பிறகு பெசன்ட் நகரில், 1943இல் தொடங்கப்பட்ட உ.வே.சா. நூல்நிலையம். அவர் வீடு போய்விட்டது. அவர் தேடிச் சேர்த்த ஏடுகள் அங்கே இருக்கின்றன. அப்பால் கலாக்ஷேத்திரம். பின்பு கோயில், சுவரெழுத்தைப் படிக்கத் தெரிந்த ஒருவர் அங்கே நின்று அதைப் படித்துக் காட்டவேண்டும். கடைசியாகக் குப்பத்துக் கடற்கரை. அங்கே பேராசிரியர்கள் பேசக்கூடாது. அங்குள்ளவர்கள் பேசுவார்கள், அதற்குரிய ஊதியமும் அவர்களுக்குத் தரப்படவேண்டும். அழைப்பின்றி அவர்கள் வாசலில் எவரும் படமெடுக்கக்கூடாது. நடப்பவர்களுக்குக் கட்டணம் இல்லை. வருமுன் மூன்று பதிகங்களையும் படித்துவிட்டு வரவேண்டும் என்பதே நுழைவுச்சீட்டு.

மியாகே குடும்பத்தைப் போல் கல் நாட்ட நம்மில் ஒருவருக்கேனும் மனம் வந்தால் நல்லது. முதற்கல் பிள்ளையார் கோயில் தெருவில் நிற்கட்டும்.

இதையெல்லாம் யார் செய்வது என்று கேட்பீர்கள். அந்த மாணவியிடம் பேசிவிட்டேன். அவளும் வகுப்பில் எட்டுப் பேரும் வருகிறார்கள். வரும் மாசி மாதத்தில் ஒரு ஞாயிறு, காலை ஐந்தரை மணிக்குக் கபாலீசுவரர் குளக்கரையில் நிற்போம். பெரியவர் இந்தக் கரையில் காத்திருப்பதாகச் சொல்லியிருக்கிறார். எந்த நீரோட்டம் அன்று இருக்கும் என்று கேட்டேன். “வந்து பாருங்க” என்றார்.